கிணற்றுச் சுவரில் ஒரு கோடு

அங்கேயே நிறுத்திவிடுங்கள், தம்பி. இதற்கு மேல் பின்னால் வராதீர்கள். கரை உள்ளே அரித்துப் போயிருக்கிறது, லாரியின் பாரம் தாங்காது. குழாயை மட்டும் இழுத்து வந்து விளிம்பில் போடுங்கள். மோட்டார் வைத்துத்தானே தள்ளுவீர்கள்? போன வாரம் வந்த டிரைவரும் அப்படித்தான் செய்தார்.

வடக்குச் சுவர் பக்கம் விடாதீர்கள். இப்படி, படிக்கட்டுப் பக்கம். அந்தச் சுவரில் தண்ணீர் அடித்தால் அடிமண் கலங்கும். கலங்கக் கூடாது. மீன் இருக்கிறது, அதற்காகச் சொல்கிறேன்.

ம், ஓடட்டும். இந்த மோட்டார் ரூம் நிழலுக்கு வாருங்கள். தொட்டி காலியாக நேரம் ஆகும்.

எதிர்க்கரையில் வேப்பமரத்தடியில் ஒருத்தி உட்கார்ந்திருக்கிறாள், பார்த்தீர்களா? பார்க்காத மாதிரி இருங்கள். லாரிச் சத்தம் கேட்டால் அவளும் வந்துவிடுவாள். மயிலாத்தாள் என்று பெயர். ஒன்றும் செய்ய மாட்டாள், சும்மா உட்கார்ந்திருப்பாள். நானும் விரட்டுவதில்லை. பொம்பளை, பாவம்.

என்ன கேட்டீர்கள்? தென்னையெல்லாம் மொட்டையாக நிற்கிறதே, யாருக்குத் தண்ணீர் என்றா?

இந்தக் கோடையில் பழனிப் பக்கம் எல்லோரும்தான் கிணற்றில் லாரித் தண்ணீர் விடுகிறார்கள். நீங்களே எத்தனை தோப்புக்கு ஊற்றியிருப்பீர்கள். சரி, அவர்கள் மரத்தைக் காப்பாற்ற விடுகிறார்கள். எனக்கு மரம் போய்விட்டது. ஆனால் கிணறு இருக்கிறதே. என் தகப்பனார் பாறையை வெடிவைத்து உடைத்து வெட்டிய கிணறு. ஒரு தடவை அடிவரைக்கும் காய்ந்துவிட்டால் ஊற்றுக்கண் அடைத்துக்கொள்ளும் என்பார்கள். அப்புறம் கெண்டை மீன்.

டீக்கடையில் ஏதாவது சொல்லியிருப்பார்கள். உங்கள் முகத்தைப் பார்த்தாலே தெரிகிறது. என்ன சொன்னார்கள்? சொல்ல வேண்டாம். நானே சொல்கிறேன். ஐகோர்ட்டே ஒன்றுமில்லை என்று தள்ளின விஷயத்தைச் சொல்ல எனக்கென்ன வெட்கம்?

அவள் புருஷன் முத்தழகு. இந்தத் தோப்புக்கு அவன்தான் மரம் ஏறிக்கொண்டிருந்தான். நல்ல வேலைக்காரன், அதை எங்கேயும் சொல்வேன். போன வருஷத்துக்கு முந்தின வருஷம் ஆவணியில் ஆள் காணாமல் போனான். விஷயம் அவ்வளவுதான். மரம் ஏறுகிறவர்கள் கேரளா போவார்கள், மாதக்கணக்கில் இருப்பார்கள், தாடியோடு திரும்பி வருவார்கள். புதிதா என்ன?

அன்றைக்குக் காலையில் அவன் இங்கே வந்தது உண்மை. நான் மறுக்கவில்லை. முந்தின நாள் மழை. மரம் வழுக்கும், வெயில் காயட்டும், நாளைக்கு ஏறுகிறேன் என்றானாம். மறுநாள் விடிந்ததும் காய் ஏற்ற வண்டி வருகிறது, அன்றைக்குப் போட்டால்தான் உண்டு. நான் பழனியில் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தேன். தோப்பில் என் மகன் இளம்பரிதி மட்டும்தான். இரண்டு பேருக்கும் வார்த்தை கொஞ்சம் தடித்துவிட்டது. என் பிள்ளைக்குக் கோபம் வரும், ஒத்துக்கொள்கிறேன். பால் பொங்குகிற மாதிரி பொங்கும், உடனே அடங்கிவிடும்.

நான் சாயங்காலம் வீட்டுக்கு வந்தபோது அவன் தலைக்குக் குளித்து, வேறு சட்டை போட்டுக்கொண்டு, டிவி பார்த்துக்கொண்டிருந்தான். முத்தழகு கோபித்துக்கொண்டு போய்விட்டான் என்றான். போனால் போகிறான், வேறு ஆள் பார்ப்போம் என்றேன். அவ்வளவுதான் பேச்சு. அதற்கு மேல் என்ன கேட்பது?

மயிலாத்தாள் ஸ்டேஷனில் ஆள் காணவில்லை என்று எழுதிக் கொடுத்தாள். அதில் என் மகன் பெயர் கிடையாது. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், தம்பி. வக்கீல் இதைத்தான் அழுத்தி அழுத்திச் சொன்னார். முதல் புகாரில் பெயர் இல்லை. பஸ் ஸ்டாண்டில் படம் ஒட்டினார்கள், நானும் ஒன்றை வாங்கி நம் மோட்டார் ரூம் கதவில் ஒட்டினேன். பிசின் காய்ந்து விழுந்துவிட்டது.

அடுத்த ஆனி மாதம் இவள் இங்கே ஓலை பொறுக்க வந்தாள். வந்தவள் ஓலையை மட்டும் பார்க்க வேண்டியதுதானே? இதோ, இந்த ரூமுக்குள் எட்டிப் பார்த்திருக்கிறாள். உள்ளே ஆணியில் அவன் தளைக்கயிறு தொங்கியது. மரம் ஏறும்போது காலில் மாட்டிக்கொள்வார்களே, அந்தக் கயிறு. அவனவன் காலுக்கு அளவாக அவனவனே முறுக்கிக்கொள்வது. அதைப் பார்த்துவிட்டு இவள் நேரே என்னிடம் வந்து நின்றாள்.

"கயிறு இல்லாம அவரு எங்கயும் போவ மாட்டாருங்க. ஊருக்கு விருந்துக்குப் போனாலுமே பையில போட்டுத்தான் எடுத்துட்டுப் போவாரு. இது எப்படீங்க இங்க கெடக்குது?"

கோபத்தில் போகிறவன் கயிற்றை நினைப்பானா? போன இடத்தில் தேங்காய் நார் கிடைக்காதா, புதிதாக முறுக்கிக்கொள்ள? இதைத்தான் நான் சொன்னேன். அவள் போய்விட்டாள்.

போனவள் எங்கே போனாள் தெரியுமா? தீர்த்தகிரி வீட்டுக்கு. பஞ்சாயத்துத் தேர்தலில் என் தம்பியிடம் தோற்ற ஆள். அவர் கையில் பேனா கிடைத்தால் விடுவாரா? ஸ்டேஷன் எதிரில் மனு எழுதுகிறவரைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு, தானே சொல்லச் சொல்ல எழுத வைத்தார். நாங்கள் ஓடையில் மண் அள்ளினோமாம். ஓட்டுக்குச் சேலை கொடுத்தோமாம். கோயில் பாதையை மறித்து வேலி போட்டோமாம். கடைசியில், இப்படிப்பட்ட குடும்பத்தைச் சேர்ந்த இளம்பரிதிதான் முத்தழகைக் கடத்தி மறைத்திருக்க வேண்டும் என்று சந்தேகிக்கிறாளாம். கீழே இவள் கைநாட்டு.

கயிறு இல்லை. அந்தப் புகாரில் கயிறு என்ற சொல்லே இல்லை. கயிறெல்லாம் ஒரு விஷயமா, கோர்ட் சிரிக்கும் என்று தீர்த்தகிரி அதை எழுத வேண்டாம் என்றாராம். கிணறும் இல்லை. எங்கள் வக்கீல் அமலதாஸ் அதைப் படித்துவிட்டு மேஜையைத் தட்டிச் சிரித்தார். "நம்ம ரத்து மனுவ அவங்களே எழுதிக் குடுத்துட்டாங்க" என்றார்.

ஆனால் அதற்குள் இன்ஸ்பெக்டர் வந்துவிட்டார். ஆதிமூலம் என்று பெயர். சத்தம் போடாத மனுஷன், அதுதான் எனக்குப் பிடிக்கவில்லை. ஸ்டேஷன் வாசலில் கயிறு, கிணறு என்று இவள் வாயால் சொன்னதை நின்று கேட்டிருக்கிறார். வாக்குமூலம் அப்புறம் முறையாக எழுதிக்கொள்ளலாம், முதலில் கிணற்றைப் பார்த்துவிடுவோம் என்று கிளம்பி வந்துவிட்டார். தீயணைப்புக்காரர்கள் பாதாளக் கரண்டி போட்டுத் துழாவினார்கள். ஒரு பழைய குடம், பைப் துண்டு, வேறு ஒன்றும் வரவில்லை. வரவில்லை என்றால் விட வேண்டியதுதானே? வடக்குச் சுவரில் அடியில் ஒரு குடைவு இருக்கிறது, ஊற்றைத் தேடி என் தகப்பனார் குடைந்தது. அதற்குள் கரண்டி போகாது. இறைத்துத்தான் பார்க்க வேண்டும் என்றார் ஆதிமூலம்.

ஆயில் எஞ்சின்களைக் கொண்டுவந்து இறக்கினார்கள். ஊரே கரையில் நின்றது. அந்த வருஷம் நல்ல தண்ணீர், கைக்கு எட்டும் உயரத்தில் நிற்கும். எஞ்சின்கள் ஓட ஓடத் தண்ணீர் இறங்கியது. நான் பிறந்ததிலிருந்து பார்க்காத படிகளெல்லாம் வெளியே வந்தன. பாசி பிடித்து, கறுப்பாக. அந்தச் சத்தத்தில் பக்கத்தில் நிற்கிறவர் பேசுவது காதில் விழாது.

இளம்பரிதி எங்கே இருந்தான் என்றா? வீட்டில். உடம்பு சரியில்லை. காய்ச்சல்.

அமலதாஸ் அதே நேரத்தில் மதுரையில் ஐகோர்ட்டில் நின்றுகொண்டிருந்தார். அவர் எனக்கு முன்பே விளக்கியிருந்தார். ஆரம்பக் கட்டத்திலேயே ஒரு விசாரணையை நிறுத்த கோர்ட் லேசில் சம்மதிக்காது. போலீஸ் தன் வேலையைச் செய்யட்டும், உண்மையா பொய்யா என்று அப்புறம் பார்க்கலாம் என்றுதான் சொல்வார்கள். ஆனால் புகாரில் எழுதியிருப்பது அத்தனையும் நிஜம் என்றே வைத்துக்கொண்டாலும் குற்றம் ஒன்றும் தெரியவில்லை என்றால், பகை தீர்க்கத்தான் எழுதினது என்று பட்டால், அப்போது நிறுத்துவார்கள். இது அபூர்வம், நமக்கு அதிர்ஷ்டம் இருக்கிறது என்றார். அதிர்ஷ்டம் என்ன, நியாயம் என்றேன் நான்.

தடை கிடைத்துவிட்டது என்று போன் வந்தது. நான் ஓடிப்போய் ஆதிமூலத்திடம் சொன்னேன். அவர் நம்பவில்லை. அரசாங்க வக்கீலுக்குப் போன் போட்டு, காதைப் பொத்திக்கொண்டு, தோப்புக்குள் தள்ளிப் போய்ப் பேசினார். திரும்பி வந்து கிணற்றுக்குள் கொஞ்ச நேரம் பார்த்தார். அப்புறம், "நிறுத்துங்கப்பா" என்றார்.

எஞ்சின்கள் நின்றன.

அந்த மாதிரி ஒரு அமைதியை நான் கேட்டதில்லை, தம்பி. அவ்வளவு பேர் நிற்கிறார்கள், ஒரு சத்தமில்லை. கிணற்றுச் சுவரிலிருந்து ஊற்று கசிகிற சத்தம் மட்டும். சொட்டுச் சொட்டாக, நாலு பக்கமும். அப்போதுதான் இவள், இதே வேப்பமரத்தடியில் நின்றுகொண்டு, யாரையும் பார்க்காமல் சொன்னாள்.

"இன்னும் கொஞ்சந்தானுங்க. ஒரு ஆள் ஒசரந்தானுங்களே."

கத்தவில்லை. அழவுமில்லை. கடையில் இன்னும் கொஞ்சம் போடச் சொல்லிக் கேட்கிற மாதிரிதான். ஆதிமூலம் தொப்பியைக் கழற்றி மறுபடி போட்டுக்கொண்டார். அவரால் என்ன செய்ய முடியும்? உத்தரவு உத்தரவுதான்.

அவர் செய்தது ஒன்றுதான். ஒரு கான்ஸ்டபிளைக் கயிறு கட்டி உள்ளே இறக்கி, தண்ணீர் நின்ற மட்டத்தில் வெள்ளைப் பெயின்டால் ஒரு கோடு போடச் சொன்னார். இதுவரை இறைத்தோம் என்பதற்கு அடையாளம். அதோ, வடக்குச் சுவரில் தெரிகிறதே, அதுதான்.

அன்றே தண்ணீர் ஏறி அதை மூடிவிட்டது. நல்ல ஊற்று.

பிறகு மதுரையில் வழக்கு முடிவுக்கு வந்தது. நானும் போய்ப் பின்னால் உட்கார்ந்திருந்தேன். அங்கே பேச்சு இங்கிலீஷில்தான். ஆனால் நடுவில் நீதிபதி காகிதத்தைப் புரட்டிக்கொண்டே அரசாங்க வக்கீலைத் தமிழில் கேட்டார். "கிணறு கிணறுங்கிறீங்க. இந்தப் புகார்ல கிணறு எங்க இருக்கு?" அவர் தேடினார். இல்லாததை எங்கே தேடுவது? இவள் வாக்குமூலத்தை எழுதுவதற்குள் தடை வந்துவிட்டதே. தீர்த்தகிரி ஏற்பாடு செய்த வக்கீலும் அன்றைக்கு வரவில்லை. அதற்குள் என் தம்பி தீர்த்தகிரியைக் கூட்டுறவு சங்கத் தலைவராக்க ஒத்துக்கொண்டிருந்தான். அது வேறு விஷயம், இதற்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

நீதிபதி சொன்னதை அமலதாஸ் அப்புறம் எனக்கு வரி வரியாகச் சொன்னார். சாதாரணமாக இந்தக் கட்டத்தில் நாங்கள் தலையிடுவதில்லை. இதில் பகை இருக்கிறது, சந்தேகம் இருக்கிறது, இந்த ஆள் என்ன செய்தார் என்பதற்கு ஒரு வரி இல்லை. வழக்கு ரத்து. ஆள் காணாமல் போனதைப் போலீஸ் தேடலாம். புதிதாக ஆதாரம் ஏதாவது வெளிப்பட்டால் சட்டப்படி நடவடிக்கை எடுக்கத் தடையில்லை. இந்தக் கடைசி வரியைப் பற்றிக் கவலைப்படாதீர்கள், எல்லா உத்தரவிலும் எழுதுவதுதான் என்றார். நான் கவலைப்படவில்லை.

வெளியே வந்தால் வராந்தாவில் இவள் நிற்கிறாள். தனியாகப் பஸ் ஏறி வந்திருக்கிறாள். கையில் ஒரு மஞ்சள் பை. உள்ளேதான் நின்றிருக்கிறாள், கடைசி வரிசைக்குப் பின்னால், எல்லாம் முடிகிறவரைக்கும். என்னைப் பார்த்ததும் தெரிந்த முகமாயிற்றே என்று பக்கத்தில் வந்து கேட்டாள்.

"ஏனுங்க, நம்ம கேசு எப்பக் கூப்புடுவாங்க?"

முடிந்துவிட்டது, ஊருக்குப் போ அம்மா என்றேன். "நான் இன்னும் ஒண்ணுமே சொல்லலீங்களே" என்றாள். நானே அவளை ஒரு ஆட்டோவில் ஏற்றிப் பழனி பஸ்ஸில் உட்கார வைத்தேன். எதிராளியை இப்படி யார் பார்த்துக்கொள்வார்கள், சொல்லுங்கள்? கெட்ட எண்ணம் இருந்தால் செய்வேனா?

இளம்பரிதியா? மஸ்கட்டில் இருக்கிறான். தீர்ப்பு வந்த கையோடு போய்விட்டான். நல்ல வேலை. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் போன் பண்ணுவான். எடுத்ததும் அவன் கேட்கிற முதல் கேள்வி என்ன தெரியுமா? "அப்பா, மழை பெஞ்சுதா? கெணத்துல தண்ணி எவ்வளவு நிக்குது?" அவ்வளவு தூரத்தில் இருந்தும் தோட்ட நினைப்புத்தான். இந்தக் காலத்தில் எந்தப் பிள்ளை கேட்கிறான்? என் உடம்பைப் பற்றி, அவன் அம்மாவைப் பற்றியெல்லாம் அப்புறம்தான். பங்குனியில் தண்ணீர் இறங்குகிறது என்று சொன்னேன். லைன் கட்டாகிவிட்டதோ என்று பார்த்தேன். அப்புறம் சொன்னான், "லாரித் தண்ணி விடுங்கப்பா. கோடு தெரிய விட்ராதீங்க."

அதைத்தான் செய்துகொண்டிருக்கிறேன்.

அவனிடம் கேட்டேனா? எதை? ஓ, அதையா. நான் ஏன் கேட்க வேண்டும், தம்பி? கேட்க வேண்டியதில்லை என்று ஐகோர்ட்டே சொல்லிவிட்டது. அதற்கு மேல் ஒரு தகப்பன் கேட்டால் பிள்ளைக்கு எப்படி இருக்கும்?

என் வீட்டுக்காரியும் இதே மாதிரிதான் ஒரு நாள் சோறு போட்டுக்கொண்டே கேட்டாள். "நம்ம மோட்டாரத்தான போட்டு, நாமளே எறச்சுப் பாத்துட்டா என்ன? ஒண்ணுமில்லீன்னா நிம்மதியாத் தூங்கலாமே." வழக்கில் ஜெயித்தவன் தன் கிணற்றைத் தானே இறைத்துப் பார்த்தால் ஊர் என்ன பேசும்? யோசித்துப் பாருங்கள். சந்தேகம் இருப்பவன்தானே பார்ப்பான். எனக்குச் சந்தேகம் இல்லை, அதனால் பார்க்கவில்லை. அவள் மறுபடி கேட்கவில்லை. முழங்கால் வலிக்கு வைத்தியம் பார்க்கத் தாராபுரத்தில் தன் தம்பி வீட்டுக்குப் போனாள். வைத்தியம் இன்னும் முடியவில்லை போலிருக்கிறது.

கோட்டை அழித்துவிடலாமே என்று போன தடவை வந்த டிரைவர் சொன்னார். அரசாங்கம் போட்ட கோடு, தம்பி. நான் சட்டத்துக்கு மரியாதை கொடுக்கிறவன். அந்தக் கயிற்றைக்கூட நான் தொடவில்லை. திரும்பிப் பாருங்கள், உங்கள் தலைக்குப் பின்னால், கதவுக்குள்ளே அதே ஆணியில்தான் தொங்குகிறது. எடுத்து எறிந்தால் தப்பாகப் பேசுவார்கள், அவள் கையில் கொடுத்தாலும் தப்பாகப் பேசுவார்கள். முத்தழகு வந்தால் எடுத்துக்கொள்ளட்டும்.

அட, தண்ணீரின் சத்தம் மாறுகிறதே. தொட்டி முடிந்துவிட்டதா? அதற்குள்ளா?

கோடு இன்னும் தெரிகிறது. பாருங்கள், தண்ணீருக்கு ஒரு சாண் மேலேயே நிற்கிறது. போன வாரம் ஒரு லோடுக்கே மூடிவிட்டது. நேற்று மூடினால் இன்றைக்கு வெளியே வந்துவிடுகிறது. அடியில் எங்கேயோ உறிஞ்சுகிறது. சாயங்காலம் இன்னொரு நடை அடியுங்கள். ஏன்? உங்கள் போர்வெல்லிலும் காற்றுத்தான் வருகிறதா? வேறு எங்கேயாவது பிடியுங்கள், தம்பி. ஒட்டன்சத்திரம் பக்கம் விசாரித்துப் பாருங்கள். மழைக்கு இன்னும் எவ்வளவு காலம் இருக்கிறது. அதுவரைக்கும் தாக்காட்ட வேண்டாமா?

பொறுங்கள், பொறுங்கள். எங்கே போகிறீர்கள்? மோட்டாரை நிறுத்தாதீர்கள். தண்ணீர் இல்லாவிட்டால் என்ன, சும்மா ஓடட்டும். சூடாகிக் கெட்டுப்போனால் நான் புதிதாக வாங்கித் தருகிறேன். அவள் எழுந்து போகட்டும். சத்தம் இருக்கிறவரைக்கும் அவள் பேச மாட்டாள். நிறுத்தினால்தான் சொல்வாள். ஒவ்வொரு தடவையும் அதே பேச்சு, அதே குரலில். அவள் போன பிறகு நிறுத்திக்கொள்ளலாம். கையை எடுங்கள், தம்பி. சொன்னால் கேளுங்கள்.

நிறுத்திவிட்டீர்களே.

கேட்டீர்களா? இப்போது சொன்னாளே, ஒரு ஆள் உயரம் என்று. உங்களுக்குக் கேட்கவில்லையா?

அவள் வாயையே திறக்கவில்லையா?

நன்றாகப் பார்த்தீர்களா, தம்பி? எனக்குக் கேட்டதே.